பீடமும் வாக்குப்பெட்டியும்

கானா நாட்டின் அசாந்தி மக்கள் தங்கள் தலைவரைப் பதவியிலிருந்து இறக்க முடிவு செய்துவிட்டால், மரபுப்படி அவருடைய செருப்பைக் கழற்றுவார்கள். பிறகு அவரைப் பிடித்து, பிட்டம் மண்ணில் படும்படி தரையில் உட்கார வைப்பார்கள். அந்த நொடியோடு பதவி போய்விடும். பதவியிலிருக்கும் தலைவரின் வெறுங்கால் மண்ணைத் தொடக் கூடாது என்பது அங்கே பழங்கால விதி. மக்களோடு சேராத தலைவர்கள் ஒருநாள் செருப்பை விட்டுவிட்டு ஓடுவார்கள் என்று விடுதலைப் போராட்டக் காலத்தில் குவாமே நுக்ருமா எழுதினார். அதற்கு அந்த நாட்டில் யாருக்கும் விளக்கவுரை தேவைப்படவில்லை.

நுக்ருமாவின் தலைமையில் 1957-ல் கானா விடுதலை பெற்றது. 1966-ல் ராணுவம் அவரைக் கவிழ்த்தது. அடுத்த கால் நூற்றாண்டில் ராணுவ ஆட்சிகளும் மக்களாட்சிகளும் மாறி மாறி வந்தன. 1992-ல் இன்றைய அரசியலமைப்புச் சட்டம் வந்தது. அதன் பிறகு வாக்குச்சீட்டின் மூலம் ஆட்சி பலமுறை கைமாறியிருக்கிறது. இத்தனைக்கும் நடுவே மரபுவழித் தலைவர்கள் ஓடவில்லை; இன்றும் இருக்கிறார்கள். யாருமே வாக்களித்துத் தேர்ந்தெடுக்காத ஒருவர், வாக்களித்துத் தேர்ந்தெடுத்தவர்களின் நாட்டில் எப்படி மதிப்போடு நிலைக்கிறார்? இந்தக் கேள்வியோடு உள்ளே நுழைந்தால், ஒரு பழைய கடிகாரத்தின் பின்மூடியைத் திறந்ததுபோல் இருக்கும். சக்கரத்துக்குள் சக்கரம், அதற்குள் இன்னொரு சக்கரம்.

முதல் சக்கரம் ஓர் இருக்கை. ஒரே மரத்துண்டிலிருந்து குடைந்தெடுத்தது. உட்காரும் பலகை பிறைபோல் வளைந்திருக்கும். அகன் மொழியில் ‘துவா’ என்பார்கள். நாம் பீடம் என்று வைத்துக்கொள்வோம். அசாந்தியும் அகன் மொழி பேசும் மக்களில் ஒரு பிரிவினர்தான். ‘பீடம்’ என்றாலே அங்கே தலைமைப் பதவி என்று பொருள். நிலம் பீடத்துக்குச் சொந்தம், வழக்கு பீடத்தின் மேல், கடன் பீடத்தின் பெயரில். அமர்ந்திருப்பவர் வருவார், போவார்; பீடம் இருக்கும். பதவி வேறு, ஆள் வேறு என்பதைச் சட்டப் புத்தகங்கள் பல பக்கங்களில் விளக்குகின்றன. அசாந்தி மக்கள் அதையே ஒரு மரத்துண்டில் செதுக்கி வைத்துவிட்டார்கள்.

இந்தப் பீடங்களிலெல்லாம் உயர்ந்தது ‘சிக்கா துவா கோஃபி’. வெள்ளிக்கிழமை பிறந்த தங்கப் பீடம் என்று பொருள். (கோஃபி என்பது வெள்ளிக்கிழமை பிறந்த ஆண் குழந்தைக்கு வைக்கும் பெயர். ஐ.நா. பொதுச்செயலராக இருந்த கோஃபி அன்னானின் பெயரும் இதுதான்.) சுமார் 300 ஆண்டுகளுக்கு முன், சிதறிக் கிடந்த அசாந்தி அரசுகளை ஒசெய் டுட்டு என்ற அரசர் ஒன்றாக்கியபோது, அவருடைய பூசாரி ஒகொம்ஃபோ அனோச்சே இதை வானத்திலிருந்து வரவழைத்தார் என்பது மரபுக் கதை. இனத்தின் உயிரே இதில் குடியிருப்பதாக நம்பிக்கை. இதில் யாரும் உட்காரக் கூடாது, அரசரே ஆனாலும். இதற்கென்றே தனி நாற்காலி உண்டு. நாட்டின் உச்சப் பதவிக்கு அடையாளமான இருக்கை எப்போதும் காலியாகவே இருக்கிறது. எல்லா அதிகாரத்துக்கும் மேலே ஒரு வெற்றிடம். அதை எவராலும் நிரப்ப முடியாது.

இதைப் புரிந்துகொள்ளாத ஒருவரால் போரே மூண்டது. 1900-ல் பிரிட்டிஷ் ஆளுநர் ஃபிரெடெரிக் ஹாட்ஜ்சன் குமாசி நகரில் அசாந்தித் தலைவர்களைக் கூட்டி, தான் உட்காருவதற்குத் தங்கப் பீடத்தைக் கொண்டுவரச் சொன்னார். அரசர் முதலாம் ப்ரெம்பே அப்போது நாடு கடத்தப்பட்டிருந்தார். எஜிசு ஊரின் தாயரசி யா அசந்தேவா படை திரட்டினார். போரில் பிரிட்டிஷார் வென்றார்கள். அவரைப் பிடித்து சீஷெல்ஸ் தீவுகளுக்கு அனுப்பினார்கள். 1921-ல் அங்கேயே அவர் இறந்தார். ஆனால் பீடம் மட்டும் ஆங்கிலேயர் கைக்குக் கிடைக்கவே இல்லை.

‘தாயரசி’ என்ற சொல்லில்தான் இரண்டாவது சக்கரம் இருக்கிறது. அகன் மொழியில் ‘ஒஹெமா’. இவர் அரசரின் மனைவி அல்லர். தாயாகத்தான் இருக்க வேண்டும் என்பதும் இல்லை. சகோதரியாகவோ சித்தியாகவோ இருக்கலாம். அகன் மக்களிடம் மருமக்கள்தாயம் நடைமுறையில் இருக்கிறது, அதாவது வாரிசுரிமை தாய்வழியில் வருகிறது. தலைவரின் மகன் தன் தாயின் குலத்தைச் சேர்ந்தவன், ஆகவே தந்தையின் பீடத்துக்கு உரிமை கோர முடியாது. தம்பிக்கோ சகோதரியின் மகனுக்கோதான் வாய்ப்பு. அதுவும் ஒருவருக்கு அல்ல; தகுதியுள்ளவர்கள் பத்துப் பேர் இருக்கலாம்.

அந்தப் பத்துப் பேரில் ஒருவரைத் தாயரசி முன்மொழிவார். அவரால் முன்மொழிய மட்டுமே முடியும். ஏற்பதும் மறுப்பதும் முடிசூட்டும் பெரியவர்களின் உரிமை. அவர்கள் மறுத்தால் தாயரசி இன்னொரு பெயரைச் சொல்வார். மூன்று முறை வரை வாய்ப்பு உண்டு. மூன்றும் தோற்றால்தான் பெயர் சொல்லும் உரிமை பெரியவர்கள் பக்கம் போகும். வீட்டில் பலகாரத்தை ஒரு பிள்ளை பங்கு பிரிக்க, இன்னொரு பிள்ளை முதலில் எடுத்துக்கொள்வதுபோன்ற ஏற்பாடு. இரண்டு பேருக்கும் நியாயமாக நடந்துகொள்வதைத் தவிர வேறு வழியில்லை. இப்போதைய அசாந்தி அரசரான இரண்டாம் ஒசெய் டுட்டு 1999-ல் இப்படித்தான் பீடமேறினார். லண்டனில் படித்து, அங்கே வேலை பார்த்தவர் அவர். இன்றைய கானாவில் வழக்கறிஞர்களும் பொறியாளர்களும் பேராசிரியர்களும் தலைவர்களாக இருக்கிறார்கள்.

பீடமேறிய பின் தலைவர் பேசுவதற்கும் ஒரு பொறி வைத்திருக்கிறார்கள். சபையில் தலைவர் மக்களோடு நேரடியாகப் பேசுவதில்லை. பக்கத்தில் ‘ஒச்சியாமே’ என்ற சொல்லாளர் இருப்பார். தலைவர் தணிந்த குரலில் சொல்வதை அவர் சபைக்குச் சொல்வார். மக்கள் சொல்வதும் அவர் வழியாகத்தான் தலைவரைச் சென்றடையும். சூடான சொல் ஒரு வாயிலிருந்து இன்னொரு வாய்க்கு மாறும் இடைவெளியில் ஆறிவிடுகிறது. கோபத்தில் தவறி வந்த சொல்லைத் திருத்திக்கொள்ளவும் நேரம் கிடைக்கிறது. சொல்லாளரின் கையில் பொன்தகடு போர்த்திய கோல் ஒன்று இருக்கும். அதன் முனையில் ஒரு பழமொழியைச் சிற்பமாகச் செதுக்கியிருப்பார்கள். பலரும் அறிந்த ஒரு கோலில் ஒரு கை முட்டையைப் பிடித்திருக்கும். அதிகாரமும் முட்டை மாதிரி: இறுக்கினால் உடையும், தளர்த்தினால் விழும். தலைவர் வாய் திறக்கும்போதெல்லாம் இந்த எச்சரிக்கை சபையின் கண்முன்னால் நிற்கிறது.

சரி, தலைவர் அரண்மனைக்குள்ளேயே இருந்துவிட்டால்? அதற்குத்தான் நாள்காட்டி. அகன் மக்களிடம் இரண்டு வாரங்கள் ஒரே சமயத்தில் ஓடுகின்றன. ஒன்று நாம் அறிந்த ஏழு நாள் வாரம். இன்னொன்று ஆறு நாள் வாரம். ஏழு பற்களும் ஆறு பற்களும் கொண்ட இரு சக்கரங்களைச் சேர்த்துச் சுழலவிட்டால், புறப்பட்ட நிலைக்கே இரண்டும் திரும்ப 6 × 7 = 42 நாள் ஆகும். ஆறு நாள் வாரத்தில் ‘குரு’ என்றொரு நாள் உண்டு. குருவும் ஞாயிறும் சந்திக்கும் நாள் ‘அக்வாசிதாய்’ விழா. அதிலிருந்து 24-வது நாள் குருவும் புதனும் சந்திக்கும், அது ‘அவுகுதாய்’. மேலும் 18 நாள் கழித்து மீண்டும் அக்வாசிதாய். காகிதத்தில் எழுதிப் பாருங்கள், கணக்கு ஒருபோதும் பிசகாது.

இந்த நாட்களில் முன்னோருக்குப் படையல் நடக்கும். அக்வாசிதாய் அன்று அசாந்தி அரசர் குமாசியின் மன்ஹியா அரண்மனையில் பெரிய குடைகளின் நிழலில், பறை முழங்க, மக்கள் முன் அமர்வார். அமைச்சர்களும் தூதர்களும்கூட வணக்கம் சொல்ல வருவார்கள். நாடாளுமன்றத்தைக் கூட்ட யாராவது தேதி குறிக்க வேண்டும். இங்கே எண் கணிதமே தேதி குறித்துவிடுகிறது. தள்ளிப்போட எவருக்கும் அதிகாரம் இல்லை.

படையல் நடக்கும் அறையில் இன்னொரு நுட்பம் ஒளிந்திருக்கிறது. நல்லபடி ஆண்டு, பதவியிலேயே இறந்த தலைவரின் பீடத்தைக் கரி பூசிக் கறுப்பாக்கி அந்த அறையில் வைப்பார்கள். அன்றுமுதல் அவர் வழிபடப்படும் முன்னோர். செருப்பு கழற்றப்பட்டவருக்கு அந்த இடம் கிடையாது. பேராசைக்காரத் தலைவரையும் தயங்கவைக்கும் தண்டனை இது: செத்த பிறகும் நீளும்.

இதுவரை பார்த்தது பழைய கடிகாரம். 1992 அரசியலமைப்புச் சட்டம் இதைத் தூக்கி எறியவில்லை. புதிய இயந்திரத்தோடு கம்பி இழுத்து இணைத்தது. மரபுவழித் தலைமை நீடிக்கும் என்று 270-ஆம் பிரிவு உறுதி தருகிறது. ஒருவரைத் தலைவராக அங்கீகரிக்கவோ அந்த அங்கீகாரத்தைப் பறிக்கவோ யாருக்கும் அதிகாரம் தரும் சட்டத்தை நாடாளுமன்றம் இயற்ற முடியாது என்றும் அதே பிரிவு சொல்கிறது. இதற்குக் காரணம் வரலாறு. நுக்ருமாவின் காலத்தில் அரசு அங்கீகரித்தால்தான் தலைவர் என்ற நிலை இருந்தது. ஆளுங்கட்சிக்குப் பிடிக்காதவர் பீடம் இழந்தார். அந்தக் கதவை 1992 அடைத்தது.

எதிர்ப்பக்கக் கதவும் அடைபட்டது. தலைவர்கள் கட்சி அரசியலில் இறங்கக் கூடாது என்கிறது 276-ஆம் பிரிவு. தேர்தலில் நிற்க ஆசையா? முதலில் பீடத்தைத் துறக்க வேண்டும். ஆனால் தகுதியிருந்தால் அரசுப் பதவிகளில் நியமனம் பெறலாம். 16 மண்டலங்களிலும் தலைவர்கள் அவை உண்டு. ஒவ்வொரு மண்டலமும் ஐந்து பெருந்தலைவர்களைத் தேர்ந்தெடுத்து தேசியத் தலைவர்கள் அவைக்கு அனுப்புகிறது. அந்த அவையின் தலைவர், குடியரசுத் தலைவருக்கு ஆலோசனை சொல்லும் அரசுக் குழுவில் உறுப்பினர். பீடத் தகராறு வந்தால் வழக்கு மண்டல அவைக்கும், மேல்முறையீடாகத் தேசிய அவைக்கும், கடைசியில் உச்ச நீதிமன்றத்துக்கும் போகும். காலத்துக்கு ஒவ்வாத, சமூகத்துக்குக் கேடான வழக்கங்களைக் கண்டறிந்து நீக்குவதையும் அரசியலமைப்பு தேசிய அவையின் கடமையாக்கியிருக்கிறது. மரபைத் துடைத்துச் சுத்தம் செய்யும் வேலை மரபின் காவலர்களிடமே ஒப்படைக்கப்பட்டிருக்கிறது.

இவ்வளவு ஏற்பாடும் எதற்காக? மண்ணைப் பாருங்கள். கானாவின் நிலத்தில் ஏறக்குறைய 80 சதவீதம் பீடங்கள், குலங்கள், குடும்பங்கள் ஆகியவற்றின் மரபு உரிமையில் இருக்கிறது. பத்து ஏக்கரில் எட்டு ஏக்கர். பள்ளிக்கூடம், சாலை, தொழிற்சாலை எதுவானாலும் பெரும்பாலும் அந்த மண்ணில்தான் வர வேண்டும். பீட நிலத்துக்குத் தலைவர் உரிமையாளர் அல்லர். மக்களுக்காக அதைக் காக்கும் அறங்காவலர். அதை ஒரேயடியாக விற்கச் சட்டம் இடம் தருவதில்லை, குத்தகைக்கு மட்டும் விடலாம். வெளிநாட்டவருக்கு அதிகபட்சம் 50 ஆண்டு. நிலம் இறந்துபோனவர்களுக்கும் இருப்பவர்களுக்கும் இனிப் பிறக்கப்போகிறவர்களுக்கும் பொது என்பது அந்த மக்களின் பழைய கருத்து. பிறக்காதவர்களின் கையெழுத்தை எப்படி வாங்குவது?

குத்தகைப் பணம் போகும் வழியையும் அரசியலமைப்பே எழுதிவைத்திருக்கிறது. பீட நிலத்தில் 100 செடி வருமானம் வந்தால் (செடி கானாவின் நாணயம்), முதலில் 10 செடி நிர்வாகச் செலவுக்கு. மிச்சம் 90. அதில் 25 சதவீதம், அதாவது 22.50 செடி, பீடத்தின் பராமரிப்புக்கு. 20 சதவீதம், அதாவது 18 செடி, மரபுவழி அமைப்புக்கு. மீதி 49.50 செடி மாவட்ட மன்றத்துக்கு. பாதிப் பணம் மக்கள் தேர்ந்தெடுக்கும் மன்றத்துக்குப் போய்ச் சேருகிறது. தண்ணீரை வாய்க்கால் வெட்டிப் பிரிப்பதுபோல, இரண்டு அதிகாரங்களுக்கும் ஒரே மடையிலிருந்து பாசனம்.

மண்ணைத் தாண்டியும் தலைவருக்கு வேலை உண்டு. ‘ஒதிக்ரோ’ எனப்படும் ஊர்த்தலைவர் தண்டோரா போடச் சொன்னால் ஊர் கூடுகிறது. கிணறு தூர்வார ஆள் சேருகிறது. தடுப்பூசி முகாமுக்குத் தாய்மார்கள் வருகிறார்கள். மான்யா க்ரோபோ பகுதியில் எய்ட்ஸ் நோயால் பெற்றோரை இழந்த குழந்தைகளைத் தாயரசிகள் சங்கமாகச் சேர்ந்து பராமரித்தார்கள். சாம்பியா நாட்டை ஆராய்ந்த அரசியல் அறிஞர் கேட் பால்ட்வின் 2016-ல் வெளியிட்ட நூலில் வியப்பான ஒன்றைச் சொல்கிறார். வாக்கில்லாமல் வந்த தலைவர்கள், வாக்கு வாங்கி வந்தவர்களை மக்களுக்குச் சிறப்பாகப் பணியாற்ற வைக்க முடியும். காரணம் எளிது. சட்டமன்ற உறுப்பினர் ஐந்தாண்டுக்கு ஒருமுறை மாறலாம். தலைவர் வாழ்நாள் முழுக்க அதே ஊரில், அதே மக்களின் நடுவில் இருக்கப்போகிறவர். பள்ளிக்கூடம் கட்டப் பணம் எங்கிருந்தோ வரும். மணலும் கல்லும் சுமக்க ஊரைத் திரட்டுவது அவர்தான்.

இந்த நல்ல பக்கத்துக்கு நிழலும் உண்டு. ஆங்கிலேயர் தலைவர்களை வைத்தே மக்களை ஆண்டார்கள். மறைமுக ஆட்சி என்று அதற்குப் பெயர். தலைவர்களே இல்லாத இடங்களில் புதிதாக உண்டாக்கினார்கள். நைஜீரியாவின் இக்போ மக்களிடம் ஆணைப் பத்திரம் கொடுத்துத் தலைவர்களை நியமித்தார்கள். அவர்களுக்குத் தாயரசி இல்லை, முடிசூட்டும் பெரியவர்கள் இல்லை, செருப்பைக் கழற்ற யாருக்கும் உரிமை இல்லை. 1929-ல் ஆயிரக்கணக்கான பெண்கள் அவர்களுக்கு எதிராகத் திரண்டெழுந்தார்கள். கடிகாரத்தில் முள்ளை மட்டும் வைத்துக்கொண்டு சக்கரங்களைப் பிடுங்கிவிட்டால் அது காட்டுவது நேரமாக இருக்காது.

விடுதலையை ஒட்டிய ஆண்டுகளில் பல நாடுகள் தலைவர்களையே வேண்டாம் என்றன. கினி 1957-ன் கடைசியில் ஒழித்தது. தான்சானியா 1960-களில் ஒழித்தது. உகாண்டா 1967-ல் அரசுகளைக் கலைத்தது. 1993-ல் திரும்பக் கொடுத்தது. மொசாம்பிக் 1975-ல் ஒதுக்கிவைத்து, 2000-ல் ஓர் அரசாணையால் மறுபடி அங்கீகரித்தது. போட்ஸ்வானா வேறு வழியில் போனது. அங்கே பாங்வாட்டோ மக்களின் தலைமைக்கு வாரிசான செரெட்சே காமாவே தேர்தலில் வென்று, 1966-ல் நாட்டின் முதல் குடியரசுத் தலைவரானார்.

இந்த இயந்திரத்தின் ஆற்றலுக்குச் சான்றாக ஒரு நிகழ்வு. கானாவின் வடக்கே தலைவர்கள் அமர்வது பீடத்தில் அல்ல, விலங்குத் தோலில். அங்கே டாக்போன் அரசில் அபுடு, அண்டானி என்ற இரு குடும்பங்கள் மாறி மாறி அரசுரிமை பெறுவது வழக்கம். 2002-ல் அரசர் இரண்டாம் யாகுபு அண்டானி கொல்லப்பட்டார்; அவருடன் பலர் மாண்டார்கள். காவல்துறையாலும் விசாரணைக் குழுவாலும் ஆறாத காயம் அது. அசாந்தி அரசர் உள்ளிட்ட மூன்று பெருந்தலைவர்கள் ஆண்டுக்கணக்கில் இரு தரப்போடும் உட்கார்ந்து பேசினார்கள். முடிச்சு இருந்த இடம் இறுதிச்சடங்கு. அபுடு குடும்பத்தில் 1988-லேயே இறந்த முன்னாள் அரசருக்கும் அரச மரியாதையோடு சடங்கு நடக்கவில்லை. முதலில் அவருக்கு, அடுத்து கொல்லப்பட்டவருக்கு என்று இரு சடங்குகளும் நடந்து முடிந்தன. 2019 ஜனவரியில் புதிய அரசர் தோலில் அமர்ந்தார். யாருக்கு எந்த மரியாதை பாக்கி இருக்கிறது என்று அறிந்தவர்களால்தான் அந்த முடிச்சை அவிழ்க்க முடிந்தது.

எல்லா முடிச்சும் அவிழ்ந்துவிடவில்லை. அதே வடக்கில் பாவ்கு நகரின் தலைமை குறித்து குசாசி, மாம்ப்ருசி மக்களிடையே பல பத்தாண்டுகளாக நீளும் சண்டை உயிர்களைக் குடித்துக்கொண்டிருக்கிறது. நிலம் கேட்டு வருபவர் ஒரு புட்டி மது தருவது பழைய மரியாதை. இன்று அந்த ‘மதுப் பணம்’ பெருந்தொகையாகிவிட்டது. நாம் பார்த்த வாய்க்கால் கணக்குக்குள் அது வருவதே இல்லை. சட்டவிரோதத் தங்கச் சுரங்கங்கள் ஆறுகளைச் சேறாக்கும்போது சில தலைவர்கள் உடந்தை என்ற குற்றச்சாட்டு எழுகிறது. தலைவர் என்ற சொல்லில் தாயரசியும் அடக்கம் என்று அரசியலமைப்பின் 277-ஆம் பிரிவு சொல்கிறது. ஆனாலும் தலைவர்கள் அவைகளில் நிறைந்திருப்பது ஆண்களே. அரசரை முன்மொழியும் பெண்ணுக்கு அவையில் இடம் கிடைக்கப் போராட வேண்டியிருப்பது பெரும் குறை.

இந்தக் குறைகளை அடுக்கிப் பார்த்தால் ஒன்று தெளிவாகத் தெரிகிறது. தலைமை சீர்கெட்ட இடங்களில் அதிகாரத்தைத் தடுக்கும் ஏதோ ஒரு சக்கரம் கழன்றிருக்கிறது. மதுப் பணத்துக்குக் கணக்குக் கேட்க வழியில்லை. ஆணைப் பத்திரத் தலைவரைக் கேள்வி கேட்கப் பெரியவர்கள் இல்லை. அவையில் தாயரசியின் குரல் இல்லை. ஒருவர் பிறப்பால் வந்தாரா, வாக்கால் வந்தாரா என்பது முக்கியமான கேள்விதான். அவரை இறக்கும் வழியைக் கையில் வைத்திருப்பது யார் என்பது அதைவிட முக்கியமான கேள்வி. அசாந்தி மக்கள் தங்கத்தில் பீடம் செய்தபோதே, செருப்பைக் கழற்றும் உரிமையையும் தங்களிடம் வைத்துக்கொண்டார்கள்.